பதினான்காம் பக்கத்துச் சம்பந்தி

என் மனைவி நிருஜா ஒன்பது வருடம் வீடியோ எடிட்டராக வேலை பார்த்தாள். டெக்சாஸில், பிளானோவில், லெகசி பக்கம் இருக்கும் ஒரு சிறிய நிறுவனத்தில். பெரிய கம்பெனிகளில் புதிதாகச் சேரும் ஊழியர்களுக்குப் போட்டுக் காட்டும் பயிற்சி வீடியோக்கள்தான் அவர்களுடைய தொழில். ஏணியில் எப்படி ஏறுவது, பாஸ்வேர்டை ஏன் யாரிடமும் சொல்லக் கூடாது, தீப்பிடித்தால் எந்தக் கதவு வழியாக வெளியேறுவது. அவள் தொகுத்தவை மொத்தம் இருநூற்றுப் பன்னிரண்டு. ஒன்றிலும் அவள் பெயர் வராது. அந்த மாதிரி வீடியோவில் யார் பெயரும் வராது.

போன வருடம் ஏப்ரலில், ஒரு செவ்வாய்க்கிழமை, மூளையில் ரத்தக் குழாய் வெடித்து இறந்துபோனாள். வயது முப்பத்து மூன்று. எங்களுக்குக் குழந்தை இல்லை. பத்து நாள் கழித்து நான் வேலைக்குப் போனேன். அதன் பிறகு நடந்தவற்றில் எனக்கு அதிகம் நினைவில்லை. டோல்வே என்ற கட்டணச் சாலையில் போனேன், வந்தேன்.

வீட்டில் அவளுக்கு இன்னொரு வேலை இருந்தது. நோரினா தால்பியாஸ் என்ற இத்தாலிய எடிட்டரின் படங்களைத் தேடிக் கண்டுபிடித்துப் பட்டியல் போடுவது. யாரும் அவளிடம் கேட்கவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை துணி மடித்துக்கொண்டே பழைய இத்தாலியப் போலீஸ் தொடர் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள். திடீரென்று நிறுத்தி, ஒரே காட்சியை மூன்று முறை ஓட்டிப் பார்த்தாள். "இதை ஆர் வெட்டினது?" என்றாள். கடைசியில் ஓடிய பெயர்களில் தேடி எடுத்தாள். நோரினாவைப் பற்றி இணையத்தில் இரண்டு வரிதான் இருந்தது. பிறந்த வருடம் 1934, இறந்த வருடம் 2009. அதிலிருந்து நாலரை வருடம் அதே வேலையாக இருந்தாள். முப்பத்தொரு பக்கம் எழுதினாள். தமிழில். இங்கிலீஷில் எழுதலாமே என்று நான் கேட்டதற்கு, "இங்கிலீஷில எழுதினா ஆராவது வாசிச்சுப் பிழை பிடிப்பினம்" என்றாள்.

நோரினாவின் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். வடக்கே மலைப் பக்கம் ஒரு சிறிய ஊர். பத்தொன்பது வயதில் ரோமுக்கு வந்து ஒரு எடிட்டிங் அறையில் சேர்ந்தாள். பிலிம் துண்டுகளுக்கு எண் போட்டு வரிசையாக ஆணியில் மாட்டி வைப்பதுதான் வேலை. ஆறு வருடம் அதைச் செய்தாள். பிறகு உதவியாளர். 1962இல் முதன்முதலாக அவள் பெயரில் ஒரு படம் வந்தது, விவசாயத்தைப் பற்றிய பதினெட்டு நிமிட அரசாங்கப் படம். அதன்பின் கௌபாய் படங்கள். அவை அமெரிக்கப் படங்கள் என்று பார்ப்பவர்கள் நம்ப வேண்டும் என்பதற்காக எல்லாருக்கும் அமெரிக்கப் பெயர் வைத்தார்கள். நோரினாவுக்கு நார்மன் பியர்ஸ் என்று வைத்தார்கள். ஏழு படங்களில் அவள் நார்மன் பியர்ஸ். எழுபதுகளில் போலீஸ் படங்கள். 1977இல் தொலைக்காட்சிக்குப் போனாள். பதினேழு வருடம் தொடர்கள், பாதிரியார்களின் வாழ்க்கை வரலாறுகள், இரண்டு வருடம் ஒரு சமையல் நிகழ்ச்சி. 1994இல் ஓய்வு. விருது எதுவும் வாங்கவில்லை. ஒரே ஒரு பேட்டி, அதுவும் ஊர்ப் பத்திரிகையில், அரைப் பக்கம்.

அந்தக் காலத்து இத்தாலியப் படங்களில் பெரும்பாலும் படப்பிடிப்பில் சத்தம் பதிவாவதில்லை. பிறகுதான் குரல் சேர்ப்பார்கள். உதடும் குரலும் ஒட்டாது. அதனால் பேசுகிறவர் வாக்கியத்தை முடிக்கும் முன்பே, கேட்கிறவர் முகத்துக்கு வெட்டிவிடுவார்கள். இதை எல்லா எடிட்டர்களும் செய்தார்கள். நோரினா திரும்பி வரும் இடம்தான் வேறு. பேசப்போகிறவர் வாய் திறக்கும் இடத்துக்கு வர மாட்டாள். அதற்குச் சற்று முன், மூச்சை இழுக்கும் இடத்துக்கு வருவாள். வாய் மூடியிருக்கும், தோள் கொஞ்சம் எழும். பிறகுதான் பேச்சு. நிருஜா இதைக் கண்டுபிடித்தபின், பெயர் இல்லாத படங்களிலும் நோரினாவின் கையைத் தேட ஆரம்பித்தாள்.

அவள் பட்டியலில் நாற்பத்திரண்டு இருந்தன. இருபத்தொன்பதாவது, 'உப்புச் சந்தியில் நால்வர்', 1967, ஸ்பெயினும் இத்தாலியும் சேர்ந்து எடுத்த கௌபாய் படம். எடிட்டர் என்று ஒரு ஸ்பானியரின் பெயர் போட்டிருக்கும். இரண்டு நாட்டு அரசாங்கங்களும் சலுகை தர வேண்டுமென்றால் இரண்டு நாட்டுக்காரர்களும் இன்ன கணக்கில் வேலை செய்திருக்க வேண்டும் என்று விதி இருந்தது. கணக்கைச் சரிக்கட்டப் பெயர்களை மாற்றிப் போடுவார்கள். நிருஜா அந்தப் படத்தில் நோரினாவின் மூச்சை அறுபத்தொரு இடத்தில் எண்ணினாள். ஆனால் அது அவள் கண் சொன்னது மட்டும்தான். பட்டியலில் அந்த எண்ணுக்குப் பக்கத்தில் கேள்விக்குறி போட்டிருந்தாள். நோரினாவிடம் பதினொரு வருடம் உதவியாளராக இருந்த கார்லா என்ற பெண்மணிக்கு ரோமுக்குக் கடிதம் எழுதினாள். பதில் வரவில்லை.

டிசம்பரில் வந்தது. அவள் இறந்து எட்டு மாதம் கழித்து, அவளுடைய மெயிலுக்கு. அந்தக் கணக்கை நான் மூடாமல் வைத்திருந்தேன். இத்தாலிய மொழியில் இருந்ததைப் போனில் மொழிபெயர்த்துப் படித்தேன். கண் ஆபரேஷனால் தாமதம், மன்னிக்கவும் என்று ஆரம்பித்திருந்தார். 'ஆம். அந்தப் படத்தை நோரினாதான் தொகுத்தார். நான் பக்கத்தில் இருந்தேன். அந்த ஸ்பானியர் ரோமுக்கு வந்ததே இல்லை. இதை இதுவரை யாரும் என்னிடம் கேட்டதில்லை. நீங்கள் எப்படிக் கண்டுபிடித்தீர்கள்?'

நான் பதில் எழுதினேன். நிருஜா இறந்துவிட்டாள் என்றும், மூச்சை வைத்துக் கண்டுபிடித்தாள் என்றும். பிறகு பட்டியலைத் திறந்து கேள்விக்குறியை எடுத்தேன்.

எல்லாப் படங்களின் விவரத்தையும் சேர்த்து வைக்கும் இணையதளம் ஒன்று இருக்கிறது. அதில் இதைச் சேர்க்கச் சொல்லி, கார்லாவின் கடிதத்தையும் இணைத்து அனுப்பினேன். தனிப்பட்ட கடிதத்தை ஆதாரமாக எடுத்துக்கொள்ள முடியாது, அச்சில் வெளிவந்த ஆதாரம் வேண்டும், எந்த மொழியிலும் இருக்கலாம் என்று பதில் வந்தது. இரண்டு சினிமாப் பத்திரிகைகளுக்கு எழுதினேன். ஒன்று பதில் போடவில்லை. இன்னொன்று, நோரினா தால்பியாஸ் எங்கள் வாசகர்களுக்குத் தெரியாதவர் என்றது.

நிருஜா கண்டுபிடித்தது ஒரே ஒரு விஷயம். அது உண்மை என்று மூன்று மாதமாக எனக்கும் ரோமில் ஒரு கிழவிக்கும் மட்டும் தெரியும். அதை அவள் பெயரோடு எங்காவது அச்சில் ஏற்ற வேண்டும். அந்த மாதங்களில் நான் வேண்டும் என்று நினைத்தது அது ஒன்றைத்தான்.

பிப்ரவரி கடைசியில் மாமா கூப்பிட்டார். நிருஜாவின் அப்பா அல்பிரட். யாழ்ப்பாணத்தில் நீர்ப்பாசனப் பொறியாளராக இருந்தவர். நியூ ஜெர்சியில் இருபது வருடம் குடிநீர் வாரியத்தில் வேலை பார்த்துவிட்டு, மகள் இங்கே இருக்கிறாள் என்று காப்பெலுக்கு வந்து வீடு வாங்கினார். எங்கள் வீட்டிலிருந்து இருபத்தைந்து நிமிடம்.

"தம்பி, வருசம் முடியப் போகுது. நினைவு மலர் அடிக்க வேணும். முப்பத்தோராம் நாளுக்கே அடிச்சிருக்க வேணும். அப்ப ஒருத்தருக்கும் தெம்பில்லை."

எங்கள் கோபிசெட்டிபாளையம் பக்கம் கறுப்புக் கட்டம் போட்ட போஸ்டர் ஒட்டுவோம், பேப்பரில் விளம்பரம் கொடுப்போம். அவர்கள் புத்தகமே அடிப்பார்கள். இறந்தவரின் வரலாறு, குடும்ப விவரம், படங்கள், பைபிள் சங்கீதங்கள். சிலர் மருத்துவக் குறிப்பு, வீட்டுத் தோட்டக் குறிப்புகூடப் போடுவார்கள். வருகிறவர்கள் ஆளுக்கொன்று எடுத்துப் போவார்கள். கல்யாணமான புதிதில் அவர்கள் வீட்டு அலமாரியில் அப்படி நாற்பது புத்தகங்களைப் பார்த்தேன்.

அச்சில் வரும் புத்தகம். எந்த மொழியிலும் இருக்கலாம்.

சனிக்கிழமை காப்பெலுக்குப் போனேன்.

"பண்ணலாங்க மாமா. ஆனா அவ எழுதினதையும் அதுல போடோணும்."

"என்ன எழுதினவள்?"

"நோரினாவைப் பத்திங்க."

"ஆர் நோரினா?"

மாமி ஞானமணி சமையலறையிலிருந்து குரல் கொடுத்தார். "அந்த இத்தாலிக்காரி. படம் வெட்டுறவ. பிள்ளை எத்தினை தரம் சொன்னவள். நீங்கள் ஒருநாளும் காது குடுக்கேல்லை."

"அந்த மனுசி இப்ப இருக்கிறாவோ, செத்திட்டாவோ?"

"செத்துட்டாங்க. ரெண்டாயிரத்து ஒம்போதுல."

"அப்ப பறவாயில்லை. உயிரோட இருக்கிற ஆக்களை மலரில போட்டால் சனம் பிழையா விளங்கிக்கொள்ளும்." மாமா ஸ்கேலை எடுத்து ஒரு தாளில் கட்டம் போட்டார். "இருபத்துநாலு பக்கம். நாலு நாலாத்தான் கூட்டலாம், குறைக்கலாம், தையல் அப்பிடி. உமக்கு நாலு பக்கம்."

"முப்பத்தோரு பக்கம் இருக்குதுங்க."

"நாலு."

முப்பத்தொன்றை நான்காக்க மூன்று வாரம் ஆனது. நான் சாஃப்ட்வேர்க்காரன். இதற்கு முன் எதுவும் எழுதியதில்லை. முதலில் கதைச் சுருக்கங்களை எடுத்தேன். பிறகு மற்ற எடிட்டர்களோடு ஒப்பிட்டிருந்ததை எடுத்தேன். அப்படியும் பதினொரு பக்கம் நின்றது. நிருஜா எழுதுகிற விதம் அப்படி. 'நான் இந்த இடத்தில் நிறுத்தினேன்', 'எனக்கு இது நோரினா இல்லை என்று பட்டது, பிறகு அகிலனைக் கூப்பிட்டுக் காட்டினேன், அவருக்கு ஒன்றும் தெரியவில்லை' என்று பக்கத்துக்குப் பத்து வரி இருக்கும். அகிலன் நான்தான். கல்லூரியில் எங்களுக்கு ரிப்போர்ட் எழுதச் சொல்லிக்கொடுத்தவர் 'நான்' என்ற சொல் வரவே கூடாது என்பார். அந்த வரிகளையெல்லாம் எடுத்தேன். நான்கு பக்கத்தில் அடங்கியது. தலைப்புக்குக் கீழே அவள் பெயரைப் போட்டேன். நோரினா 1974இல் எடிட்டிங் மேசைக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் படம் ஒன்று கார்லா அனுப்பியிருந்தார். கீழே பெயர், நாடு, பிறந்த வருடம், இறந்த வருடம் எழுதி அதையும் சேர்த்தேன்.

மலரை வடிவமைத்து அச்சடிப்பது யாழ்ப்பாணத்தில். நிரோஜன் என்ற இளைஞர். கனடா, லண்டன், நார்வே, எல்லா இடத்து மலர்களையும் அவர்தான் செய்வாராம். நான் அனுப்பியவை மாமா வழியாக அவருக்குப் போயின. அச்சுக்கு முன் சரிபார்க்கும் பார்வைப் பிரதி மாமாவுக்கு வந்தது. மாமா குடும்ப விவரப் பக்கத்தை ஸ்கேல் வைத்து வரி வரியாகப் பார்த்தார் என்று மாமி சொன்னார். அதில் ஒரு பெயர் விட்டுப்போனால் ஒரு குடும்பம் பத்து வருடம் பேசாது.

வருட நினைவு ஆராதனை ஒரு சனிக்கிழமை. பெட்டிகள் வியாழக்கிழமை காப்பெலுக்கு வந்தன. நூற்றைம்பது பிரதி. ஆபீஸிலிருந்து நேராகப் போனேன். மாமி ஒரு பெட்டியைப் பிரித்து வைத்திருந்தார்.

அட்டையில் நிருஜா சிரித்துக்கொண்டிருந்தாள். எங்கள் கல்யாணத்துக்கு முன் எடுத்த படம். உள்ளே புரட்டினேன். அவள் வரலாறு, சங்கீதங்கள், கீர்த்தனைகள். இன்னும் புரட்டினேன். திரும்ப முதலிலிருந்து புரட்டினேன். நான்கு பக்கம் இல்லை. அந்த இடத்தில் மாமாவின் தங்கை கணவர் இயற்றிய கீர்த்தனைகள் இருந்தன, நான்கு பக்கத்துக்கு.

நோரினா மட்டும் இருந்தாள். பதினான்காம் பக்கத்தில். தலைப்பு, 'எம்மை விட்டுப் பிரிந்த உறவுகள்'. நிருஜாவின் இரண்டு தாத்தாக்கள், ஒரு சித்தப்பா, மூன்று பெரியம்மாமார், எல்லாருக்கும் பூ வேலைப்பாடு போட்ட வட்டம். கடைசி வட்டத்தில் நோரினா, கழுத்தில் பிலிம் துண்டோடு. கீழே எழுதியிருந்தது: 'அமரர் நோரினா தால்பியாஸ் (சம்பந்தி, இத்தாலி)'.

நான் பக்கத்தை மாமாவிடம் நீட்டினேன். அவர் கண்ணாடியை மாற்றிப் பார்த்தார்.

"இதென்ன இது?"

"அதத்தாங்க நானும் கேக்கறேன்."

மாமா நிரோஜனை வாட்ஸ்அப்பில் கூப்பிட்டார். அங்கே வெள்ளி அதிகாலை. ஆனாலும் எடுத்தார்.

"ஐயா, பெட்டி வந்து சேர்ந்திட்டுதோ?"

"பதினாலாம் பக்கத்தில ஆர் தம்பி இந்த வெள்ளைக்காரி?"

"உங்கட படக் கட்டோட வந்த படம், ஐயா. நீங்கள்தானே அந்த நாலு பக்கக் கட்டுரையைத் தூக்கிப்போட்டுப் பாட்டைப் போடச் சொன்னனீங்கள். படத்தைத் தூக்கச் சொல்லேல்லை. நான் பாத்தன், செத்த வருசம் இருக்கு, இத்தாலி எண்டும் இருக்கு. உங்கட குடும்ப விவரத்தில பலெர்மோவில இளங்குமரன் எண்டு ஒருத்தர் இருக்கிறார். பலெர்மோவில எங்கட ஆக்கள் கனபேர் இத்தாலிக்காரரைக் கட்டியிருக்கினம். அப்ப அவரின்ர மாமியாராத்தான் இருக்க வேணும் எண்டு நினைச்சன்."

"நினைச்சனியோ."

"பார்வைப் பிரதி அனுப்பினனான், ஐயா. நீங்கள் ஓகே எண்டு பெருவிரல் படம் போட்டனீங்கள்."

மாமா போனை வைத்தார். பெயர்களைத்தான் பார்த்திருக்கிறார், படங்களைப் பார்க்கவில்லை. பிறகு மாமி சொன்னார், "இளங்குமரன் இன்னும் கட்டேல்லை."

இளங்குமரன் மாமாவின் ஒன்றுவிட்ட அண்ணன் மகன். யாழ்ப்பாணத்தில், உடுவிலில் அவருக்குப் பெண் பேசிக்கொண்டிருந்தார்கள். அவருடைய பெரியம்மா ஹூஸ்டனிலிருந்து சனிக்கிழமை வருவதாக இருந்தது.

"அவ பாத்தாவெண்டால்," மாமி சொன்னார், "சாப்பாட்டுக்கு இருக்க முன்னம் உடுவிலுக்குச் செய்தி போயிடும்."

எனக்கு இளங்குமரனைப் பற்றி அக்கறை இல்லை. "அந்த நாலு பக்கத்த ஏங்க மாமா எடுத்தீங்க?" என்றேன்.

அவர் பெட்டியை மூடினார். "மச்சான் பாட்டைப் போடாட்டிக் கோவிப்பார்" என்றார். நான் மலரை நீட்டியபடியே நின்றேன்.

"சரி, அதில்லை. நீர் எழுதினதை நான் வாசிச்சனான். ரெண்டு தரம் வாசிச்சனான். நல்லாத்தான் இருந்தது. ஆனால் அதில என்ர பிள்ளையைப் பற்றி ஒரு வரி இல்லை. நாலு பக்கமும் அந்த மனுசி பிறந்தது, ரோமுக்குப் போனது, ரீ.வி.க்குப் போனது. மேல பேர் மட்டும் நிருஜா எண்டு கிடக்கு. பிள்ளையின்ர மலரில இன்னொருத்தியின்ர சரித்திரம் என்னத்துக்குத் தம்பி?"

"அது அவ எழுதினதுங்க."

"எழுதினவள் அதுக்குள்ள எங்க?"

லேப்டாப் காரில் இருந்தது. எடுத்து வந்து முப்பத்தொரு பக்கத்தைத் திறந்தேன். பிறகு என் நான்கு பக்கத்தைத் திறந்தேன். அருகருகே வைத்துப் பார்த்தேன். அவள் நிறுத்தியது, ஓட்டிப் பார்த்தது, சந்தேகப்பட்டது, என்னைக் கூப்பிட்டது எல்லாவற்றையும் நான்தான் எடுத்திருந்தேன். மிச்சம் இருந்ததை யார் வேண்டுமானாலும் எழுதியிருக்கலாம்.

"சரிதாங்க மாமா," என்றேன்.

மாமா எதிர்பார்க்கவில்லை போலிருந்தது. தண்ணீர் குடித்தார். "திருப்பி அடிக்க நேரமில்லை," என்றார். "பக்கத்தைக் கிழிக்கவும் ஏலாது. என்ர அப்பு, பெரியம்மாமார் எல்லாரும் அந்தப் பக்கத்திலதான். திருத்தம் எண்டு ஒரு துண்டு அடிச்சு ஒட்ட வேணும். இந்த அம்மையார் எங்கட சம்பந்தி இல்லை. அவ்வளவுதான்."

"அப்ப யாருன்னு கேப்பாங்கல்லங்க?"

"கேட்டால்?"

"யாருன்னு துண்டுலயே போட்டுடலாம்."

மாமா ஸ்கேலை எடுத்துப் பக்கத்தை அளந்தார். வட்டங்களுக்குக் கீழே காலி இடம் மூன்று அங்குல உயரம் இருந்தது. "மூண்டுக்கு அஞ்சு," என்றார். "அதுக்குள்ள அடங்க வேணும்."

மறுநாள் வெள்ளி லீவு போட்டேன். காலையில் காப்பெல் போனபோது மாமா ஏற்கனவே ஒரு தாளில் எழுதி வைத்திருந்தார். நான்கு வரி. அதில் இரண்டு வரி மன்னிப்பு.

"மன்னிப்ப எடுத்துடலாங்க. இடம் போதாது."

"மன்னிப்புக் கேக்காமல் எப்பிடி?"

"திருத்தம்னு போட்டாலே மன்னிப்புதானுங்க."

எடுத்தார். நான் நோரினாவைப் பற்றி ஒரு வரியும், 'உப்புச் சந்தியில் நால்வர்' பற்றி ஒரு வரியும், நிருஜா கண்டுபிடித்தாள் என்று ஒரு வரியும் எழுதினேன். மாமா கடைசி வரியில் பேனாவை வைத்தார்.

"எப்பிடிக் கண்டுபிடிச்சவள்?"

நான் வாயால் சொல்ல ஆரம்பித்தேன். சரியாக வரவில்லை. லேப்டாப்பில் படத்தைப் போட்டேன். குதிரைகள் வந்தன. சலூன் காட்சி வந்தது. ஒருவன் பேசினான், அவன் முடிப்பதற்குள் இன்னொருவன் முகம் வந்தது. பிறகு முதலாமவன், வாய் மூடியபடி, தோள் எழுந்தது.

"இதாங்க," என்றேன்.

மாமா இன்னும் இரண்டு நிமிடம் பார்த்தார். "இது ஒண்டு," என்றார். பிறகு, "இது." கொஞ்ச நேரத்தில் எனக்கு முன்னாலேயே சொல்ல ஆரம்பித்தார். மாமி கத்தரிக்கோலோடு வந்து பின்னால் நின்றார்.

"ஆரப்பா அந்தத் தாடிக்காரன்?"

"அது முக்கியமில்லை. தோளைப் பாரும்."

பதினொன்று எண்ணினார். பிறகு லேப்டாப்பை மூடச் சொன்னார். எழுந்துபோய் ஜன்னல் பக்கம் நின்றார். திரும்பி வந்தபோது குரல் பழையபடி இருந்தது.

"எல்லாமா எத்தினை எண்டு சொன்னீர்?"

"அறுபத்தொண்ணு."

"அந்த எண்ணிக்கையைப் போடும். எண்ணிக்கை இல்லாட்டி ஒருத்தரும் நம்பாயினம்."

எண்ணிக்கையைப் போட இன்னொரு வரி தேவைப்பட்டது. நோரினாவின் தொலைக்காட்சி வேலையை எடுத்தேன். நார்மன் பியர்ஸை எடுத்தேன். ஸ்பானியரின் பெயரை எடுத்தேன். எழுத்தைச் சிறிதாக்கலாமா என்று கேட்டேன். வயசானவர்கள் வாசிக்க மாட்டார்கள் என்று மாமா மறுத்தார். நிருஜா அகிலன் என்று எழுதி, அதை அடித்து நிருஜா அல்பிரட் என்று எழுதினேன். கல்யாணத்துக்குப் பிறகும் அவள் பெயரை மாற்றிக்கொள்ளவில்லை. ஆபீஸில், பாஸ்போர்ட்டில், கார்லாவுக்கு எழுதிய கடிதத்தில் எல்லாம் அதுதான். மாமா அந்த வரியைப் பார்த்தார், தாளை என் பக்கம் தள்ளினார்.

கடைசியில் துண்டில் இப்படி இருந்தது:

'திருத்தம். இப்பக்கத்தில் உள்ள அம்மையார் எமது சம்பந்தி அல்லர். திரு. இளங்குமரன் திருமணமாகாதவர். படத்தில் இருப்பவர் நோரினா தால்பியாஸ் (1934–2009), இத்தாலியத் திரைப்பட எடிட்டர். 1967இல் வந்த உப்புச் சந்தியில் நால்வர் என்ற படத்தைத் தொகுத்தவர் இவரே. படத்தில் வேறு பெயர் உள்ளது. நிருஜா அல்பிரட் இப்படத்தில் 61 இடங்களைப் பார்த்து, எண்ணி, இதைக் கண்டறிந்தார். நோரினாவின் உதவியாளர் எழுத்தில் உறுதிசெய்துள்ளார்.'

படத்தின் இத்தாலியத் தலைப்பை இணையதளத்துக்காக அடைப்புக்குறிக்குள் சேர்த்தோம். அச்சுக் கடையில் ஒரு மணி நேரத்தில் அடித்துக் கொடுத்தார்கள். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்தோம். மாமி வெட்டினார், நான் பசை தடவினேன், மாமா ஸ்கேல் வைத்து நேராக ஒட்டினார். எண்பதாவது பிரதியில் மாமி கையை உதறிக்கொண்டார்.

"குடும்பத்தில சேர்த்துப்போட்டு இப்ப இல்லையெண்டு துண்டு ஒட்டுறம். பாவம் அந்த மனுசி. ஆவி வந்து சண்டை பிடிக்கப்போகுது."

"படத்தை எடுக்கேல்லைத்தானே," என்றார் மாமா. "படம் அதிலயே இருக்கட்டும்."

சனிக்கிழமை ஆராதனைக்கு நூறு பேருக்கு மேல் வந்தார்கள். போதகர் பேசினார், மாமாவின் தங்கை கணவர் தன் கீர்த்தனையைப் பாடினார். ஹூஸ்டன் பெரியம்மா சாப்பாட்டு வரிசையில் நின்றபடி பதினான்காம் பக்கத்தைத் திறந்தார். துண்டை வாசித்தார். பிறகு மறுபடி மேலிருந்து வாசித்தார்.

"தம்பி," என்று என்னைக் கூப்பிட்டார். "இளங்குமரன் திருமணமாகாதவர் எண்டு என்னத்துக்கு இதில போட்டிருக்கு? வரன் தேடுற விளம்பரம் மாதிரிக் கிடக்கு."

"பிழை நடந்துருச்சுங்க பெரியம்மா."

"பறவாயில்லை. ரெண்டு பேர் இப்பவே என்னட்டை விசாரிச்சிட்டினம்." துண்டின் கீழ்ப்பகுதியில் விரலை வைத்தார். "அறுபத்தொரு இடம் எண்டு போட்டிருக்கு. என்ன இடம் அது?"

சொன்னேன். வரிசை நகர்ந்தது, அவரும் நகர்ந்தார், நானும் கூடவே நகர்ந்து சொல்லி முடித்தேன். "இதையெல்லாம் இருந்து எண்ணினவளோ," என்றார். தட்டை எடுத்துக்கொண்டு போனார்.

அன்று இன்னும் நாலைந்து பேர் கேட்டார்கள். ஒவ்வொரு முறையும் சொன்னேன். மாமாவிடம் சிலர் கேட்டதைத் தூரத்திலிருந்து பார்த்தேன். அவர் தோளைத் தூக்கிக் காட்டிக்கொண்டிருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை பதினான்காம் பக்கத்தைப் படம் எடுத்தேன். அட்டையையும், அச்சகத்தின் பெயர் உள்ள பக்கத்தையும் எடுத்தேன். துண்டை இங்கிலீஷில் மொழிபெயர்த்து, அந்த இணையதளத்துக்கு அனுப்பினேன். இளங்குமரனைப் பற்றிய வரியை விடலாமா என்று யோசித்தேன். ஆதாரத்தில் பாதியை மறைக்கக் கூடாது என்று அதையும் மொழிபெயர்த்தேன்.

ஒரு வாரம் கழித்து ஒரு கேள்வி வந்தது. இது எந்த வகை வெளியீடு என்று கேட்டிருந்தார்கள். நினைவு மலர், நூற்றைம்பது பிரதிகள், யாழ்ப்பாணத்தில் அச்சிட்டது, திருத்தம் டெக்சாஸில் என்று எழுதினேன்.

அதற்குப் பிறகு பதினொரு நாள் கழித்து, மதிய இடைவேளையில் பார்த்தேன். படத்தின் பக்கத்தில், எடிட்டர் என்ற இடத்தில், ஸ்பானியர் பெயருக்குக் கீழே நோரினா தால்பியாஸ் என்று ஒரு வரி இருந்தது. பக்கத்தில், பெயர் குறிப்பிடப்படவில்லை என்று குறிப்பு. அடியில், ஆதாரங்கள் பகுதியில், நிருஜா அல்பிரட், பக்கம் 14.

அதைப் படம் எடுத்து மாமாவுக்கும் கார்லாவுக்கும் அனுப்பினேன். கார்லாவிடமிருந்து பதில் வர நாளாகும். மாமா உடனே அனுப்பினார்.

"பார்த்தேன். எழுத்து சின்னனாக இருக்கிறது. பெரிதாக்கச் சொல்லும்."